பழைய கேமை அழிச்சுப் புதுசாத் தொடங்க முதல்: கேம் போய், டிஎஸ், பிஎஸ்பி

[காட்சி: மேசையில வெள்ளைத் துணி. அதில ஒரு கேம் போய் அட்வான்ஸ் எஸ்பி, ஒரு டிஎஸ் லைட், ஒரு பிஎஸ்பி, நாலைஞ்சு கசெட்டுகள்.]

குரல்: வணக்கம். கனடாவில இருந்தோ சுவிசில இருந்தோ சொந்தக்காரர் வரேக்க, சொக்கிலேட்டோட சேர்ந்து கையில வைச்சு விளையாடுற ஒரு பழைய கேம் போயோ டிஎஸ்ஸோ சூட்கேசுக்குள்ள வரும். கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியாப் பக்கம் கன வீடுகளில ஒரே கருவிதான் அண்ணாட்ட இருந்து தம்பிக்கு, தம்பிட்ட இருந்து மச்சாளுக்கு எண்டு கை மாறுது. கை மாறேக்க வாற கேள்வியும் ஒண்டுதான்: உள்ளுக்குக் கிடக்கிற பழைய ஆட்டத்தை எடுத்துப்போட்டு முதல்ல இருந்து எப்பிடித் தொடங்குறது?

அழிக்கிறதுக்குப் பத்து செக்கன் காணும். அழிஞ்சதை அந்தக் கருவியால திருப்பி எடுக்க ஏலாது. அதால பட்டனைத் தொட முதல் கொஞ்சம் பொறுமையாப் பாருங்கோ. கேம் போய்க்கும் டிஎஸ்ஸுக்கும் போகிமான் விளையாட்டைத்தான், அதாவது போகிமான் எண்ட உயிரினங்களைப் பிடிச்சுச் சண்டைக்கு விடுற விளையாட்டைத்தான், உதாரணமா எடுக்கிறம்.

[காட்சி: டிஎஸ் லைட்டில போகிமான் ஓடுது. நாலு பட்டன்களை ஒண்டா அழுத்துற கை.]

குரல்: முதல்ல, உங்களுக்கு உண்மையிலேயே அழிக்க வேணுமா எண்டு பாருங்கோ. சண்டையில தோத்திட்டீங்கள், கடைசியா சேவ் பண்ணின இடத்துக்குத் திரும்பிப் போக வேணும் எண்டால் அதுக்கு ரீசெட் காணும். கேம் போயிலயும் கேம் போய் அட்வான்சிலயும் வாற போகிமான் விளையாட்டுகளில ஏ, பி, ஸ்டார்ட், செலக்ட் நாலையும் ஒண்டா அழுத்துங்கோ. டிஎஸ்ஸில எல், ஆர், ஸ்டார்ட், செலக்ட். விளையாட்டு தலைப்புத் திரைக்குப் போகும். சேவ் பண்ணாத பகுதி மட்டும்தான் போகும், சேவ், அதாவது பதிஞ்சு வைச்ச ஆட்டம், அப்பிடியே இருக்கும். இது தெரியாமல் முழு ஆட்டத்தையும் அழிக்கிற பிள்ளையள் கனபேர்.

சரி, அழிக்கத்தான் வேணும் எண்டு வைப்பம். அப்ப அடுத்த கேள்வி: சேவ் எங்க இருக்கு?

[காட்சி: பழைய கேம் போய் கசெட் ஒண்டின்ட உள்பக்கம். பொத்தான் பற்றரியில கமரா நிக்குது.]

குரல்: இது பழைய கேம் போய் கசெட். போகிமான் ரெட், ப்ளூ, கோல்ட், சில்வர் எல்லாம் இந்த ரகம். சேவ் இருக்கிறது கசெட்டுக்குள்ள இருக்கிற ஒரு சின்ன மெமரியில. இந்த 3 வோல்ட் பொத்தான் பற்றரி கரண்ட் குடுக்கும் வரைக்கும்தான் அந்த மெமரிக்கு ஞாபகம். கோல்ட், சில்வரில மணிக்கூடும் இதே பற்றரியிலதான் ஓடுது. அதால அது கெதியா இறங்கிப் போகும். 2000ஆம் ஆண்டுக் காலத்துக் கசெட்டுகளில பற்றரி செத்திருந்தால் ஆச்சரியப்பட ஒண்டும் இல்லை. அப்பிடிக் கசெட்டில சேவ் பண்ணி, நிப்பாட்டி, திரும்பப் போட்டால் ஒண்டும் இருக்காது. அங்க அழிக்கிறது பிரச்சினை இல்லை, பற்றரி மாத்த வேணும். உங்கட கசெட்டில சேவ் இன்னும் இருக்கு எண்டால், பற்றரியைக் கழட்டின உடன அதுவும் போகும் எண்டதை நினைவில வைச்சிருங்கோ.

கேம் போய் அட்வான்சில வந்த ரூபி, சஃபையர், எமரால்ட் வேற மாதிரி. அதுகளுக்குள்ளயும் பற்றரி இருக்கு. ஆனா அது மணிக்கூட்டுக்கு மட்டும். சேவ் இருக்கிறது ஃபிளாஷ் மெமரியில, அதுக்குக் கரண்ட் தேவையில்லை. பற்றரி இறங்கிப் போச்சு எண்டு திரையில எழுத்து வந்தால் பயப்படாதேங்கோ. நேரத்தோட வாற விசயங்கள் நிண்டு போகும், சேவ் போகாது. ஃபயர்ரெட், லீஃப்க்ரீனில பற்றரியே இல்லை. உங்கட ஃபயர்ரெட் கசெட்டைத் திறந்தால் உள்ளுக்குப் பற்றரி இருக்கு எண்டால் அது போலிக் கசெட். போலியில சேவை அழிச்சால் புது சேவ் ஒழுங்கா ஏறும் எண்டதுக்கு உத்தரவாதம் இல்லை. அதில ஓடுற சேவ் ஒண்டு இருந்தால் கை வைக்காமல் விடுறதுதான் எங்கட ஆலோசனை.

டிஎஸ்ஸில சேவ் அந்தச் சின்ன கேம் காட்டிலயே (கசெட் மாதிரிக் குத்துற கார்ட்) இருக்கு. அதால டிஎஸ் கருவியின்ட செட்டிங்கை எவ்வளவு மாத்தினாலும் விளையாட்டு அழியாது. காட்டை இன்னொரு டிஎஸ்ஸில போட்டாலும் அண்ணான்ட ஆட்டம் அப்பிடியே வரும்.

[காட்சி: ரெண்டு சாஜர்கள் பக்கத்தில பக்கத்தில. லேபிள் பெரிசாத் தெரியுது.]

குரல்: இனி கரண்ட். அழிக்கிற நேரத்திலயோ சேவ் பண்ணுற நேரத்திலயோ கருவி நிண்டால் சேவ் பழுதாகும். நல்ல பற்றரி இருக்கிற கருவிக்குக் கரண்ட் கட் ஒரு பொருட்டில்லை. ஆனா இந்தக் கருவிகளின்ட பற்றரி 15, 20 வருசம் பழசு. டிஎஸ் லைட்டில பச்சை வெளிச்சம் எரியும், பார்த்துக்கொண்டு இருக்கேக்கையே சிவப்பாகி நிண்டிடும். முழுக்க சாஜ் ஏத்தி, அரை மணித்தியாலம் சும்மா விளையாடிப் பாருங்கோ. அதுக்குள்ள சிவப்பு வந்தால் சாஜர் குத்தினபடி, கரண்ட் நிலையா இருக்கிற நேரமாப் பார்த்துச் செய்யுங்கோ.

சாஜரைக் குத்த முதல் அதின்ட லேபிளை வாசியுங்கோ. எங்கட கரண்ட் 230 வோல்ட், கனடாவில 120. அங்க இருந்து வந்த, கேம் போய், டிஎஸ் செய்த நின்டென்டோ கொம்பனியின்ட சாஜரில இன்புட் எண்ட இடத்தில 120 வோல்ட் மட்டும் எழுதியிருந்தால் எங்கட பிளக்கில குத்தக்கூடாது, எரியும். தட்டைப் பின்னை எங்கட பிளக்குக்கு ஏத்த மாதிரி மாத்துற கட்டை, வடிவத்தை மட்டும்தான் மாத்தும். வோல்டேஜை மாத்தாது. இந்த ஒரு பிழையில புகைஞ்சு போற சாஜர்தான் அதிகம். 100 தொடக்கம் 240 எண்டு எழுதியிருந்தால் பயமில்லை. இங்கிலாந்தில, ஐரோப்பாவில இருந்து வந்தது எங்கட கரண்டுக்குச் சரி.

[காட்சி: கசெட்டின்ட பித்தளை நிறக் கால்கள், அதில செம்புழுதி. பஞ்சுக் குச்சி.]

குரல்: வன்னிப் புழுதி இந்தக் கால்களில ஒட்டினால் கசெட் ஒருக்கால் வேலை செய்யும், ஒருக்கால் வெள்ளைத் திரை காட்டும். அந்த நிலையில சேவைத் தொடாதேங்கோ. நடுவில தொடுப்பு விட்டால் பாதி எழுதினதோட நிக்கும். வாயால ஊதுற பழக்கத்தையும் விடுங்கோ, எச்சில் ஈரம் பட்டுக் கால் கறுக்கும். 90 சதவீதத்துக்கு மேற்பட்ட ஐசோபுரொப்பைல் அல்ககோலைப் பஞ்சுக் குச்சியில தொட்டு, கால்களின்ட நீளப்பாட்டுக்கு இழுத்துத் துடைச்சு, அஞ்சு நிமிசம் காய விடுங்கோ. கை கழுவுற சனிடைசர் ஜெல் வேண்டாம், அதில இருக்கிற கிளிசரின் பசை மாதிரி ஒட்டும்.

[காட்சி: ரெண்டு டிஎஸ் பக்கத்தில பக்கத்தில. ஒரு போகிமான் ஒண்டில இருந்து மற்றதுக்குப் போகுது.]

குரல்: ஒரு போகிமான் கசெட்டில ஒரு சேவ்தான் இருக்கும். தம்பிக்கு ஒண்டு, அண்ணாவுக்கு ஒண்டு எண்டு வைக்க இடமில்லை. அதால ஆட்டத்தின்ட சொந்தக்காரரிட்டக் கேட்டுப்போட்டுச் செய்யுங்கோ. அவர் கொழும்பில இருந்தாலும் வெளிநாட்டில இருந்தாலும் ஒரு வட்சப் மெசேச் போடலாம். அவருக்குப் பிடிச்ச போகிமான் இருந்தால், அதே தலைமுறை (ஒரே காலத்தில வந்த) போகிமான் விளையாட்டு வைச்சிருக்கிற ஒரு கூட்டாளியின்ட கருவிக்கு மாத்தி வைக்கலாம். கேம் போய்க்கு லிங்க் கேபிள் வேணும், டிஎஸ்ஸுக்கு வயர் தேவையில்லை. மாத்தேக்க கூட்டாளியிட்ட இருந்து வேற ஒண்டு பதிலுக்கு வரும். அதுக்கு அவரை ஒரு சின்ன போகிமானைப் பிடிச்சு வைக்கச் சொல்லுங்கோ. டிஎஸ்ஸின்ட இன்டர்நெட் சேவையை நின்டென்டோ 2014 மே மாதத்தில நிப்பாட்டிப் போட்டுது. அதால ரெண்டு கருவியும் ஒரே அறைக்குள்ள இருக்க வேணும்.

[காட்சி: டிஎஸ் லைட் மேசையில தட்டையா வைச்சிருக்கு. விரல்கள் நெருக்கமாத் தெரியுது.]

குரல்: இப்ப அழிப்பம். கருவியை மேசையில வையுங்கோ, கையில வைச்சுக்கொண்டு செய்தால் விரல் எட்டாது. விளையாட்டைப் போட்டுத் தலைப்புத் திரை வரும் வரைக்கும் பொறுங்கோ. ஃபயர்ரெட் எண்டால் சரிசார்ட் எண்ட போகிமான் நிக்கிற திரை. இடது பெருவிரலால மேல் அம்பு, வலது சுட்டுவிரலால பி, வலது பெருவிரலால செலக்ட். மூண்டையும் ஒண்டா அழுத்திப் பிடியுங்கோ. கேம் போயில இருந்து டிஎஸ் வரைக்கும் வந்த பிரதான போகிமான் விளையாட்டுகளில இந்த மூண்டு பட்டன்தான். டிஎஸ்ஸுக்கு அடுத்த கருவியான 3டிஎஸ்ஸில வந்த எக்ஸ், வை, சன், மூன் எண்ட போகிமான் விளையாட்டுகளில செலக்டுக்குப் பதிலா எக்ஸ் பட்டன்: மேல் அம்பு, எக்ஸ், பி.

எல்லா சேவையும் அழிக்கவா எண்டு கேக்கும். அம்புக்குறி 'நோ'வில நிக்கும், நீங்கள்தான் 'யெஸ்'ஸுக்கு ஏத்த வேணும். டிஎஸ்ஸில ரெண்டாந் தரமும் கேக்கும். பிறகு அழிபடுது எண்டு எழுத்து வரும். அது போகும் வரைக்கும் சுவிட்சையும் தொடாதேங்கோ, காட்டையும் இழுக்காதேங்கோ.

ஒண்டுமே கேக்கேல்லை, சாதாரண மெனு வந்திட்டுது எண்டால் மூண்டு பட்டனும் ஒரே நேரத்தில படேல்லை. நிப்பாட்டிப் போட்டுத் திரும்பச் செய்யுங்கோ. நாலைஞ்சு தரம் செய்தும் வராட்டி, செலக்ட் பட்டன் செத்திருக்கும். விளையாட்டுக்குள்ள செலக்ட் வேலை செய்யுதா எண்டு பாருங்கோ, இல்லாட்டி காட்டை வேற ஒரு கருவியில போட்டு அழியுங்கோ.

சிலர் அழிக்காமல் நேரா 'நியூ கேம்' போவினம். கேம் போய் அட்வான்ஸ் வரைக்கும் அது நடக்கும்: புதுசா விளையாடி சேவ் பண்ணேக்க, பழசுக்கு மேல எழுதவா எண்டு கேக்கும். அதுக்கு 'யெஸ்' குடுக்கும் வரைக்கும் பழைய ஆட்டம் பத்திரம். போகிமான் டயமண்ட், பேர்ள் தொடங்கி டிஎஸ் விளையாட்டுகளில அது நடக்காது. பழைய சேவ் இருக்கு, சேவ் பண்ண ஏலாது எண்டு மறுத்துப் போடும். ரெண்டு மணித்தியாலம் புது ஆட்டம் விளையாடிப் போட்டு, இந்த எழுத்தைப் பார்த்து அழுகிற சின்னப் பிள்ளையளுக்காகத்தான் முதலே சொல்லுறம்.

[காட்சி: பிஎஸ்பி. மெமரி ஸ்டிக் கதவு திறந்திருக்கு.]

குரல்: பிஎஸ்பியில வேலை சுகம். சேவ் எல்லாம் மெமரி ஸ்டிக்கில இருக்கு, அழிக்க முதல் கொப்பி எடுக்கலாம். மினி யூஎஸ்பி வயரால கொம்பியூட்டரோட தொடுத்து, செட்டிங்ஸில யூஎஸ்பி கனெக்சனைத் தட்டுங்கோ. மெமரி ஸ்டிக்குக்குள்ள 'பிஎஸ்பி' எண்ட ஃபோல்டர், அதுக்குள்ள 'சேவ்டேட்டா'. அந்த 'சேவ்டேட்டா'வை முழுசாக் கொப்பி பண்ணி, பேரும் திகதியும் போட்டு வையுங்கோ. பிறகு கேம் பகுதியில சேவ்ட் டேட்டா யூட்டிலிட்டிக்குப் போய், அந்த விளையாட்டில நிண்டு முக்கோணப் பட்டனை அழுத்தி, டிலீட். பக்கத்தில செம்மஞ்சள் வெளிச்சம் மின்னிக்கொண்டு இருந்தால் மெமரி ஸ்டிக்கில எழுதுது எண்டு அர்த்தம், கை வைக்காதேங்கோ. ஃபோர்மட் மெமரி ஸ்டிக் எண்டதைத் தொட்டால் எல்லாருடைய ஆட்டமும் பாட்டும் படமும் சேர்ந்து போகும். போனில எமுலேட்டரில (பழைய கருவி மாதிரி வேலை செய்யுற அப்பில) விளையாடுற ஆக்களுக்கும் இதே விதிதான்: சேவ் ஃபைலைக் கொப்பி எடுக்காமல் அப்பை அன்இன்ஸ்டோல் பண்ணாதேங்கோ.

நின்டென்டோவின்ட ஸ்விட்ச் கருவி வைச்சிருக்கிற ஆக்களுக்கு அழிக்கிற தேவையே குறைவு. சேவ் கருவிக்குள்ள, ஒவ்வொரு யூசருக்கும் வேற வேறயா இருக்கும். தம்பிக்கு ஒரு புது யூசர் போட்டுக் குடுங்கோ, அண்ணான்ட ஆட்டம் பக்கத்திலயே இருக்கும். எட்டு யூசர் வரைக்கும் போடலாம்.

[காட்சி: திரும்ப டிஎஸ் லைட். மெனுவில 'கன்டினியூ' இல்லை.]

குரல்: அழிச்சு முடிஞ்ச உடன ஒரு சோதனை. கருவியை நிப்பாட்டித் திரும்பப் போடுங்கோ. மெனுவில 'கன்டினியூ' இருக்கக்கூடாது. புது ஆட்டத்தைத் தொடங்கி, பேர் குடுத்து, விளையாட்டு சேவ் பண்ண விடுற முதல் இடத்திலயே சேவ் பண்ணுங்கோ. நிப்பாட்டுங்கோ, காட்டைக் கழட்டித் திரும்பப் போடுங்கோ. 'கன்டினியூ' வந்து, அதில புதுப் பேர் தெரிஞ்சால் தம்பியிட்டக் குடுக்கலாம். வராட்டி, கால்களை இன்னொருக்காத் துடைச்சு, இதையே திரும்பச் செய்யுங்கோ.