500 ரூபாய் கொடுத்தும் நைனியப்பப் பிள்ளை பெயர் வரவில்லை

வணக்கம். வழக்கம்போல மொட்டைமாடியில்தான் உட்கார்ந்திருக்கிறேன், காற்றின் இரைச்சலைப் பொறுத்துக்கொள்ளுங்கள். தரங்கம்பாடி வீடியோவைப் பார்த்தவர்களுக்கு என் கோபம் தெரியும். இன்றைக்கு அதைவிடக் கூடுதல்.

நேற்றுப் புதுச்சேரியில் ஒரு நடைச்சுற்றுலா போனேன். தலைக்கு 500 ரூபாய். குடிக்கத் தண்ணீர்கூடத் தரவில்லை, வெயிலுக்குத் தொப்பி கேட்டால் தனியாக 50. இரண்டு மணி நேரமும் மஞ்சள் சுவர், காகிதப்பூ, ஜன்னல் கதவு. துபாஷ்களைப் பற்றி வழிகாட்டி சொன்னது ஒரே வரி: "வெள்ளைக்காரருக்கு மொழிபெயர்த்தவர்கள்." எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. 500 ரூபாய்க்கு ஒரு வரியா?

துபாஷ் மொழிபெயர்ப்பாளர் மட்டுமல்ல, வியாபாரத் தரகரும்கூட. அவர் இல்லாமல் பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கும்பனிக்கு ஒரு கட்டுத் துணி கிடைத்திருக்காது. நைனியப்பப் பிள்ளை அந்த வேலையின் உச்சியில் இருந்தவர். அவரை 1716-இல் சிறையில் தள்ளியவர் கவர்னர் எபேர். முன்பு அவருக்குப் பதவி கொடுத்தவரும் இதே எபேர்தான்! அந்த இடத்தில் ஒரு கிறிஸ்தவர்தான் இருக்க வேண்டும் என்று சேசு சபைப் பாதிரியார்கள் நெருக்கிக்கொண்டே இருந்தார்கள். விசாரணையைக் கேளுங்கள். சாட்சிகள் தமிழில் சொன்னதைப் போர்த்துக்கேயத்துக்கு மாற்றி, அதிலிருந்து பிரெஞ்சில் எழுதினார்கள். தங்களால் படிக்க முடியாத தாளில் சாட்சிகள் கையெழுத்துப் போட்டார்கள். தீர்ப்பு, கடைத்தெருவில் 50 சவுக்கடி, மூன்றாண்டுச் சிறை. 1717-இல் சிறைக்குள்ளேயே இறந்துபோனார்.

அடடா, மகனை விட்டுவிட்டேன். குருவப்பப் பிள்ளை கப்பலேறிப் பிரான்சுக்கே போய் நியாயம் கேட்டார். அப்பா இறந்த பிறகு தீர்ப்பு ரத்தானது. அங்கே மகன் ஞானஸ்நானம் பெற்றபோது ஞானத்தந்தையாக நின்றவர் ஆர்லேயன் கோமகன், அப்போது பிரான்சை ஆண்டுகொண்டிருந்தவர்! செவாலியே பட்டத்தோடு ஊர் திரும்பி, அப்பா இருந்த அதே பதவியில் உட்கார்ந்தார்.

நாட்குறிப்பு எழுதிய ஆனந்தரங்கப் பிள்ளை யார் என்று நினைக்கிறீர்கள்? நைனியப்பரின் மைத்துனர் மகன். குடும்பத்துக்கு நேர்ந்ததைத் தெரிந்துகொண்டே பின்னால் வந்த கவர்னர் துய்ப்ளேக்ஸிடம் துபாஷாக இருந்தார். கவர்னருக்குப் பக்கத்தில் அவ்வளவு செல்வாக்கு. ஆனாலும் 1748-இல் புதுச்சேரி வேதபுரீஸ்வரர் கோயிலைப் பிரெஞ்சுக்காரர்கள் இடித்தபோது தடுக்க முடியவில்லை. வீட்டுக்கு வந்து எழுதத்தான் முடிந்தது.

அவர் வீட்டுக்கு அந்த நடைச்சுற்றுலாவில் கூட்டிப்போகவில்லை. 80 ரூபாய்க்கு ஆட்டோ பிடித்து நானே போனேன். கீழே நம் ஊர் மரத்தூண்கள், மாடியில் பிரெஞ்சுத் தூண்கள். வாசலில் வெகுநேரம் நின்றேன். அடுத்த வாரம், கோயில் இடிந்ததை அவர் எழுதிய அந்த 1748 செப்டம்பர் நாட்குறிப்புப் பக்கங்களை உங்களுக்கு முழுதாகப் படித்துக் காட்டுகிறேன்.