மாசம் மூணு நாவல்: ராஜேஷ்குமாரின் ரெட்டைத் தடமும் ஊட்டி மலை ரயிலும்

[காட்சி: கல்லார் தாண்டி மலை ரயில் பாதை. தண்டவாளத்துக்கு நடுவில் பல் வச்ச இரும்புச் சட்டங்கள், மிக அருகில்.]

குரல்: நடுவுல இருக்கற இந்த ரெண்டு சட்டத்தையும் நல்லா பாருங்க. பக்கத்துப் பக்கத்துல இருக்கு, ஆனா பல்லுக்கு நேரா பல் இல்ல. ஒண்ணுல பல் இருக்கற இடத்துல இன்னொண்ணுல பள்ளம். இஞ்சினுக்கு அடியில ஓடற பல்சக்கரம் ஒரு பல்லை விடும்போது, பக்கத்துச் சட்டத்துல இன்னொரு பல்லைப் பிடிச்சிருக்கும். கல்லார்ல இருந்து குன்னூர் வரைக்கும் சில இடங்கள்ல 12 அடிக்கு 1 அடி ஏற்றம். பிடி ஒரு நொடி கூட விடக்கூடாது.

க்ரைம் எழுத்தாளர் ராஜேஷ்குமாரோட நாவல் ஓடறதும் இப்படித்தான்.

[காட்சி: பஸ் ஸ்டாண்டு கடை. கயித்துல க்ளிப் போட்டுத் தொங்கும் மாத நாவல்கள்.]

குரல்: மலைக்குக் கீழே கோயம்புத்தூர்க்காரர். 1947ல பிறந்தவர், இயற்பெயர் ராஜகோபால். 1960கள் கடைசியில 'கல்கண்டு' பத்திரிகையில சிறுகதை. 1980ல 'மாலைமதி'யில முதல் நாவல், 'வாடகைக்கு ஓர் உயிர்'. அதுக்கப்புறம் 1500க்கு மேல. 45 வருஷத்துக்கு வகுத்துப் பாருங்க, வருஷத்துக்கு 33. மாசத்துக்குக் கிட்டத்தட்ட மூணு. அவர் கதைகள்ல துப்பறிய விவேக்ங்கற பாத்திரம், கூடவே ரூபலா. கோயம்புத்தூர்ல பஸ் ஏறினவங்க ஊட்டியில இறங்கறதுக்குள்ள குற்றவாளி யாருன்னு தெரிஞ்சாகணும், அதுதான் அளவு.

இந்த வேகத்துல எழுத, ஒவ்வொரு தடவையும் புதுசா வீடு கட்ட முடியாது. சட்டகம் கையில இருக்கணும். அவர் அதிகமா எடுத்தது ரெட்டைத் தடம். ஒரு அத்தியாயத்துல ஒரு கதை, அடுத்ததுல சம்பந்தமே இல்லாத வேற ஆளுங்க, வேற ஊர். கடைசியில ரெண்டும் ஒரே இடத்துல வந்து முட்டும்.

எழுதிப் பார்க்க நினைக்கறவங்களுக்கு ஒரு கணக்கு. 20 அத்தியாயம், ஒண்ணுக்கு 750 வார்த்தை, மொத்தம் 15,000. ஒற்றைப்படை எல்லாம் முதல் தடம், இரட்டைப்படை எல்லாம் ரெண்டாவது. 3ஆம் அத்தியாயம் கதவு தட்டற சத்தத்தோட நிக்குதுன்னா, கதவைத் திறக்கறது 5லதான். நடுவுல வர்ற 4 வாசகர் கையைப் பிடிச்சிருக்கணும். அது சப்புனு இருந்தா, நேரா 5க்குத் தாவிடுவாங்க. ரயில் பாஷையில சொன்னா, பல் தேஞ்சு போச்சு.

இன்னொரு தப்பு, ரெண்டு தடத்தையும் தற்செயலா சந்திக்க வைக்கறது. 1500லயும் எல்லாம் ஒரே தரம்னு யாரும் சொல்ல மாட்டாங்க. இந்த வகை நாவல் தோத்துப் போற இடம் பெரும்பாலும் இந்த முட்டற இடம்தான். குற்றவாளி தானா முன்வந்து ரெண்டு பக்கத்துக்கு வாக்குமூலம் கொடுத்தா, எழுதினவருக்கு நேரம் பத்தலைன்னு அர்த்தம். ரெண்டையும் இணைக்கற பொருள் 4, 5ஆம் அத்தியாயத்துலயே வாசகர் கண்ல பட்டிருக்கணும். பட்டும் அர்த்தம் புரியாம இருக்கணும்.

[காட்சி: ரத்தக்கறை படிஞ்ச வெள்ளை சாக்ஸ்.]

குரல்: உதாரணத்துக்கு இந்த சாக்ஸ். இது அவர் கதை இல்ல, பழகறதுக்கு நாம கட்டற கதை. 4ஆம் அத்தியாயத்துல குன்னூர் டீக்கடையில ஒருத்தன் உட்கார்ந்திருக்கான். கணுக்கால்கிட்ட ரத்தம். கடைக்காரர் கேக்கறார். "அட்டை கடிச்சிருச்சுங்கண்ணா."

அட்டையோட எச்சில்ல ரத்தத்தை உறைய விடாத பொருள் இருக்கு. அட்டை விழுந்த பிறகும் மணிக்கணக்குல கசியும், வலியே தெரியாது. ஜூலையில சோலைக்காட்டுப் பக்கம் போய் வந்தவன் சொன்னா நம்பலாம். ஆனா அதே அத்தியாயத்துல, புல்லு மேல உறைபனி வெள்ளையா கிடக்குதுன்னு போகிற போக்குல ஒரு வரி எழுதிடுங்க. உறைபனி விழறது டிசம்பர், ஜனவரி. காடு காய்ஞ்சு கிடக்கற அந்தக் காலத்துல அட்டை எங்கிருந்து வரும்? மலைக்காரங்க உடனே பிடிச்சிடுவாங்க. மத்தவங்களுக்கு 17ஆம் அத்தியாயத்துல சொல்லுங்க.

[காட்சி: நீலகிரி வரைபடம். சாலைகள் ஒவ்வொண்ணா ஒளிரும்.]

குரல்: மலையில கதை வச்சா அடிக்கடி சொதப்பறது கடிகாரம். ராத்திரி எட்டரைக்கு ஊட்டியில கொலை பண்ணிட்டு முதுமலை வழியா மைசூருக்குக் கார்ல ஓடறான்னு எழுத முடியாது. பந்திப்பூர் காட்டுச் சாலை ராத்திரி 9ல இருந்து காலை 6 வரைக்கும் மூடியிருக்கும். கூடலூர் போய்ச் சேரவே 50 கிலோமீட்டர் மலைப்பாதை. குறுக்குவழியா கல்லட்டியில இறங்கலாம்னா, அங்கே 36 கொண்டை ஊசி வளைவு, வெளியூர் வண்டியை இறங்க விடமாட்டாங்க.

அதே மாதிரி, 2024 மே மாசத்துல இருந்து வெளியூர் வண்டி நீலகிரிக்குள்ள வர இ-பாஸ் வேணும். வண்டி நம்பர், தேதி எல்லாம் பதிவாயிடும். நீலகிரி பதிவெண் டி.என். 43 வண்டிக்குத் தேவையில்ல. குற்றவாளிக்கு எந்தக் கார் கொடுக்கறதுன்னு இப்போ தெரிஞ்சிருக்கும். சின்ன விஷயம் ஒண்ணு: அவன் கையில பிளாஸ்டிக் தண்ணி பாட்டில் கொடுக்காதீங்க. மாவட்டத்துல தடை. கொலைக்கு முன்னாடி அபராதத்துல மாட்டிப்பான்.

[காட்சி: மேட்டுப்பாளையம் ஸ்டேஷன், காலை. மலை ரயில் புறப்படத் தயாராக.]

குரல்: இப்போ ரெண்டு தடத்தையும் முட்ட வைப்போம். ரயில் மேட்டுப்பாளையத்துல கிளம்பறது காலை 7:10. நம்ம ஆள் பெட்டியில ஏறி, ஜன்னல் வழியா செல்ஃபி எடுக்கறான். கிளம்பறதுக்கு முன்னாடி மறுபக்கக் கதவு வழியா இறங்கி, நண்பனோட டி.என். 43 கார்ல ஏறிடறான். ரோட்டுல குன்னூருக்கு ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூட. ரயில் அங்கே வந்து சேர பத்தரை ஆகும். கையில கிட்டத்தட்ட ரெண்டு மணி நேரம். வேலையை முடிச்சு, டீக்கடையில சாக்ஸோட உட்கார்ந்து, குன்னூர்ல நீராவி இஞ்சினைக் கழட்டி டீசல் மாட்டற இடைவெளியில கூட்டத்தோட கூட்டமா ஏறிடறான். ஊட்டியில இறங்கி இன்னொரு செல்ஃபி. ரெண்டு போட்டோ, ஒரு டிக்கெட். கேட்டா, "நான் ரயில்ல இருந்தேன் சார்."

[காட்சி: பெட்டியின் உள்பக்கம். எதிரெதிரே மர பெஞ்சுகள், முட்டி இடிக்கும் இடைவெளி.]

குரல்: ஆனா இந்தப் பெட்டிக்குள்ள பாருங்க. அறை அறையா தடுத்திருக்கு, ஒரு பெட்டியில இருந்து இன்னொரு பெட்டிக்குப் போக வழி இல்ல. மூணு மணி நேரத்துக்கு மேல முட்டியோட முட்டி இடிக்க உட்கார்ந்து வரணும். 18ஆம் அத்தியாயத்துல இன்ஸ்பெக்டர் சாக்ஸை மேஜை மேல வச்சிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டா போதும்.

"கல்லார்ல இருந்து குன்னூர் வரைக்கும் உன் எதிர் சீட்ல யாரு உட்கார்ந்திருந்தா?"