751-ஆம் பக்கத்துல இன்னா இருந்துச்சு? நெக்ரோனோமிகான் கதை

வணக்கம் மக்களே. புது வண்ணாரப்பேட்டைல இருந்து பேசுறேன், நடுவுல கன்டெய்னர் லாரி சத்தம் வந்தா கொஞ்சம் பொறுத்துக்கோங்க, ராத்திரி ஆனா ஹார்பர் பக்கம் வண்டி விடாம போயிக்கினே இருக்கும்.

போன மாசம் எங்க தெருப் பையன் ஒருத்தன், பிளஸ் டூ படிக்கிறான், போனை எடுத்துக்கினு ஓடியாந்தான். ஏதோ ஒரு குரூப்ல 300 ரூபா கட்டி ஒரு பிடிஎஃப் வாங்கியிருக்கான். "அண்ணா, இது ஒரிஜினல் நெக்ரோனோமிகானாம், படிச்சவங்களுக்கு பைத்தியம் புடிச்சிடுமாம், நான் நாலு பக்கம் படிச்சிட்டேண்ணா"ன்றான். மூஞ்சி வெளுத்துப் போயிருந்துச்சு. ரெண்டு நாளா தூங்கலயாம். அவனுக்கு உக்கார வெச்சு சொன்னதைத்தான் இப்போ உங்களுக்கும் சொல்றேன்.

(திரையில்: பழுப்பு நிறத் தோல் அட்டை போட்ட ஒரு தடி புத்தகம், மேல பேர் எதுவும் இல்ல)

இந்தப் புத்தகத்தோட வரலாறுனு ஒண்ணு இருக்கு, மொதல்ல அதைக் கேளுங்க. ஏமன் நாட்டு சனா ஊர்க்காரன், அப்துல் அல்ஹஸ்ரத்னு ஒரு கிறுக்குப் புடிச்ச கவிஞன், பாலைவனத்துல தனியா பல வருஷம் சுத்திட்டு டமாஸ்கஸ் வந்து 730 வாக்குல "அல் அஸிஃப்"னு ஒரு புத்தகம் எழுதுறான். அஸிஃப்னா ராத்திரில பூச்சிங்க போடுற சத்தம், அதைப் பேய்ங்களோட ஊளைனு நம்புனாங்களாம். 738-ல பட்டப்பகல்ல, நாலு பேர் பாக்கச்சொல்லோ, கண்ணுக்குத் தெரியாத ஏதோ ஒண்ணு அவனைத் தின்னுடுது. 950-ல கிரேக்கத்துல மொழிபெயர்க்கிறாங்க, அப்போதான் நெக்ரோனோமிகான்ற பேர் வருது. 1228-ல ஓலாஸ் வோர்மியஸ் லத்தீன்ல கொண்டாரார். 1232-ல போப் ஒன்பதாம் கிரிகோரி தடை போட்டுடுறார்.

எவ்ளோ கச்சிதமா இருக்கு பாருங்க, வருஷம், ஊர், பேர், தடை, எல்லாம். இதுல ஒண்ணு கூட நடக்கல. மொத்தத்தையும் உக்காந்து கட்டினவர் ஒரே ஆள், அமெரிக்காவுல ப்ராவிடன்ஸ்ன்ற ஊர்ல 1890-ல பொறந்த ஹெச்.பி. லவ்க்ராஃப்ட்ன்ற திகில் கதை எழுத்தாளர். புத்தகத்தோட பேர் மொத மொத வந்தது 1922-ல அவர் எழுதி 1924-ல பத்திரிகைல வந்த ஒரு சிறுகதைல. நான் இப்போ சொன்ன வரலாறை 1927-ல தனியா எழுதி வெச்சார், 1937-ல அவர் செத்ததுக்கு அப்புறம்தான் அது அச்சாச்சு.

அந்த அரபிக் கவிஞன் பேர் கூட அவர் சின்னப் பையனா இருக்கச்சொல்லோ, அரபுக் கதைங்க படிச்ச ஜோர்ல தனக்கே வெச்சு விளையாடுன பேர். மண்ணடில எனக்கு ஒரு ஃப்ரெண்டு இருக்கான், அவன்கிட்ட இந்தப் பேரைச் சொன்னதும் நிறுத்திட்டான். அப்துல்னாலே "இன்னாரோட அடிமை"னு அர்த்தம், அந்த "உல்" உள்ளயே "அல்" இருக்கு, அப்துல் ரஹ்மான் மாதிரி பின்னாடி ஆண்டவனோட பேர் வரணும், மறுபடியும் ஒரு "அல்" எப்படி வரும்னு கேட்டான். நெஜமான அரபிக்காரனுக்கு அந்தப் பேர் இருந்திருக்க வாய்ப்பே இல்ல.

வோர்மியஸ் விஷயம் இன்னும் நல்லா இருக்கும். அவர் நெஜமாவே வாழ்ந்த மனுஷன், டென்மார்க் டாக்டர், ஆனா பொறந்ததே 1588-ல! கதைல சொன்ன வருஷத்துக்கும் அதுக்கும் 360 வருஷம் இடிக்குது. இதுல எனக்கு ரொம்பப் புடிச்சது இன்னான்னா, அந்தக் காலத்துல யூனிகார்ன்ற ஒத்தைக் கொம்பு மாயக்குதிரையோட கொம்புனு தங்க விலைக்கு வித்துக்கினு இருந்ததை, இது நார்வால்னு ஒரு திமிங்கல வகையோட தந்தம்யானு எடுத்துக் காட்டின ஆளே அவர்தான். பொய் மாயத்தை ஒடைச்சவர் பேரையே ஒரு மாயப் புத்தகத்துக்கு சாட்சியா போட்டுட்டாங்க.

சரி, இவ்ளோ ஓட்டை இருந்தும் ஏன் நம்புறாங்க? அங்கதான் அவரோட கைவேலை. புத்தகம் எங்க இருக்குனு சொல்றார் பாருங்க: பிரிட்டிஷ் மியூசியம், பாரிஸ் தேசிய நூலகம், ஹார்வர்ட், பியூனஸ் அயர்ஸ் யுனிவர்சிட்டி, அப்புறம் ஆர்க்கம்ல இருக்கிற மிஸ்கடோனிக் யுனிவர்சிட்டி. கடைசி மட்டும் அவர் உண்டாக்கினது, ஊரும் இல்ல, காலேஜும் இல்ல. நம்ம ஊருக்கு மாத்தி யோசிங்க, ஒரு பிரதி எழும்பூர் கன்னிமாராவுல பூட்டி வெச்சிருக்காங்க, ஒண்ணு தஞ்சாவூர் சரஸ்வதி மகால்ல கீது, இன்னொண்ணு இல்லாத ஒரு ஊர்ல இல்லாத ஒரு காலேஜ்லனு எவனாவது சொன்னா, மொத ரெண்டும் போய் பாத்த எடம்ன்றதால மூணாவதையும் சேத்து முழுங்கிடுவோம்.

அதை விட முக்கியமானது, அவர் புத்தகத்தைக் கடைசி வரைக்கும் எழுதவே இல்ல. கதைக்குக் கதை சின்னச் சின்ன துண்டுதான். யாராவது முழுசா எழுத முயற்சி பண்ணா, அதோட பேரைக் கேட்டு நடுங்குனவங்க எல்லாரும் ஏமாந்துதான் போவாங்கன்ற மாதிரி லெட்டர்ல அவரே சொல்லியிருக்கார். அவர் போய் 40 வருஷம் கழிச்சு, 1977-ல, அதே பேர்ல சுமேரிய சாமி பேரெல்லாம் கலந்து ஒருத்தர் புத்தகம் போட்டார். பையன் போன்ல இருந்ததைப் புரட்டிப் பாத்தேன், அந்தச் சரக்குதான்.

எங்க அப்பா 1985-ல எரிஞ்சு போன மூர் மார்க்கெட்ல பழைய புக்கு பொறுக்கின ஆளு. கொண்டித்தோப்புல அச்சான பெரிய எழுத்துக் கதை புக்குலருந்து இங்கிலீஷ் நாவல் வரைக்கும் வீடு பூரா கெடக்கும். இன்னிக்கும் அவர் வாயைத் தொறந்தா, கடைசி பத்து பக்கம் கிழிஞ்சு போன ஒரு கதையைப் பத்திதான் பேசுவார். முழுசா படிச்ச புக்கு நூறு இருந்தும் அதுல பாதி ஞாபகம் இல்ல.

இதைச் சொல்லச்சொல்லோ எனக்கு இறையனார் களவியல்ன்ற பழைய தமிழ் இலக்கண நூலோட உரைதான் ஞாபகம் வருது. தலைச்சங்கத்துல 549 பேர் இருந்தாங்க, 4440 வருஷம் நடந்துச்சு, முதுநாரை, முதுகுருகு, களரியாவிரைனு நூலெல்லாம் பாடினாங்கனு அதுல வரும். அந்த மூணுலயும் நம்ம கைல ஒரு வரி கூட இல்ல, பேர்தான் இருக்கு. ரெண்டும் ஒண்ணுனு நான் சொல்ல வரல, அது ஒரு ஜனம் தலைமுறையா சொல்லிக்கினு வந்தது, இது ஒருத்தர் தெரிஞ்சே கட்டினது. ஆனா ஸ்கூல்ல தமிழய்யா "களரியாவிரை"னு சொன்னப்போ வயித்துக்குள்ள ஏதோ பண்ணுச்சே, அந்த ஏக்கம் எப்படிப்பட்டதுனு லவ்க்ராஃப்டுக்கு நல்லாத் தெரிஞ்சிருக்கு.

1929-ல வந்த லவ்க்ராஃப்டோட ஒரு கதைல வில்பர்னு ஒருத்தன் வர்றான். வீட்ல அவன்கிட்ட இங்கிலீஷ் பிரதி இருக்கு, ஆனா அரைகுறையானது, 751-ஆம் பக்கத்துல வர வேண்டிய பகுதி அதுல இல்ல. அந்த ஒரு எடத்துக்காக லத்தீன் பிரதியைத் தேடிக்கினு மிஸ்கடோனிக் லைப்ரரிக்குப் போறான், லைப்ரரியன் வீட்டுக்குக் கொடுக்க மாட்டேன்றார், கடைசில ராத்திரி திருட உள்ள பூந்து காவல் நாய்கிட்ட கடிபட்டுச் சாவுறான்.

இதெல்லாம் சொல்லி முடிச்சதும் பையன் மூஞ்சி தெளிஞ்சுச்சு. பிடிஎஃப்பை என் முன்னாடியே அழிச்சான், 300 ரூபா போனதுக்கு மட்டும் கொஞ்சம் திட்டினான். செருப்பை மாட்டிக்கினு படி இறங்குனவன் பாதில நின்னு திரும்பிப் பாக்குறான்.

"அண்ணா... அந்த 751-ஆம் பக்கத்துல இன்னா இருந்துச்சு?"

யோக்-சோத்தாத்னு அவர் கட்டின ஒரு சாமியோட பேர் வர்ற மந்திரம்டா, அதைத்தான் தேடினான், ஆனா மந்திரத்தைக் கதைல எங்கயும் எழுதலனு சொன்னேன்.

"ச்சே"ன்னான். மேல ஏறி வந்து மறுபடியும் உக்காந்துட்டான்.