ரிப்போர்ட்ல ஒத்த வார்த்தையைப் பாத்துட்டுப் பயந்துறாதீங்க

வணக்கங்க. இன்னைக்கு வீட்டுத் திண்ணையில உக்காந்து பேசறேன். உள்ள வளவுல உக்காந்தா குரல் எதிரொலிக்குது, இங்கன உக்காந்தா தேவகோட்டை பஸ் ஹாரன் அடிக்குது. ஹாரனே தேவலைன்னு வெளிய வந்துட்டேன், கொஞ்சம் பொறுத்துக்கங்க.

ஆஸ்பத்திரிப் பேப்பர்ல வர்ற வார்த்தைங்களைப் பத்திப் பேசலாம்னு இருக்கேன். நான் டாக்டர் இல்ல, நர்ஸும் இல்ல. காரைக்குடியில ஒரு லேப்ல ரிப்போர்ட் கொடுக்கற கவுண்டர்ல வேலை பாக்கறேன், அவ்வளவுதான். ஆனா அங்க உக்காந்தா ஒண்ணு நல்லாத் தெரியும். கவரை வாங்குனவுக யாரும் வீட்டுக்குப் போய்ப் பிரிக்க மாட்டாக. நின்ன எடத்துலயே கண்ணாடிய மாட்டிக்கிட்டுப் பிரிப்பாக. பிரிச்சதும் கண்ணு நேரா தடிச்ச எழுத்துக்குத்தான் போகும். அடுத்து என் பக்கம் திரும்பி, "ஏத்தா, இது என்னத்தா போட்டிருக்கு?"

அர்த்தம் சொல்றது என் வேலை கிடையாது. "டாக்டர்ட்ட காட்டுங்க ஐயா"ன்னுதான் சொல்லணும், அதைத்தான் சொல்றேன். ஆனா டாக்டர் சாயங்காலம்தான் வருவாரு. அதுவரைக்கும் அந்த ஒத்த வார்த்தைய வச்சுக்கிட்டு ஒரு குடும்பமே சோறு தண்ணி இல்லாம உக்காந்திருக்கும். அந்த இடைப்பட்ட நேரத்துக்காகத்தான் இந்த வீடியோ.

இதயத்துக்கு எடுக்கற ஸ்கேன் எக்கோ, அதுலேருந்து ஆரம்பிக்கிறேன். ஒரு ஐயா, எழுபது வயசு இருக்கும், எக்கோ ரிப்போர்ட்டைப் பாத்துட்டு அப்படியே பெஞ்சுல உக்காந்துட்டாக. "நூத்துக்கு அறுபதுதான் வேலை செய்யுதாம்த்தா, நாப்பது போயிருச்சு"ன்னாக. அதுல போட்டிருந்தது இஜெக்‌ஷன் ஃப்ராக்‌ஷன் 60 சதவீதம். இதயத்தோட இடது கீழறைக்குள்ள நிறைஞ்சிருக்கற ரத்தத்துல, ஒரு துடிப்புக்கு எவ்வளவு பங்கை வெளிய தள்ளுதுங்கற கணக்கு அது. எவ்வளவு திடமான இதயமா இருந்தாலும் மொத்தத்தையும் தள்ளாது. 55லேருந்து 70 வரைக்கும் இருந்தாலே சாதாரணம்னுதான் எடுத்துக்குவாக. 40க்குக் கீழ போனாத்தான் தள்ளற சக்தி நல்லாவே குறைஞ்சிருக்குன்னு அர்த்தம். அப்ப அந்த ஐயாவுக்கு வந்த 60 நல்ல செய்தி. ஆனா 60ங்கறதை மட்டும் பாத்தா யாருக்குத் தெரியும்? பக்கத்துல என்ன எழுதியிருக்கு, எதை எதால வகுத்த கணக்கு அதுன்னு தெரிஞ்சாத்தான் அது நல்லதா கெட்டதான்னே சொல்ல முடியும்.

அதே மாதிரி ஹார்ட் ஃபெயிலியர். பத்திரிகையில 'இதயச் செயலிழப்பு'ன்னு போடறாக. படிக்கறவுகளுக்கு இதயமே நின்னுபோச்சுன்னு தோணும். நின்னுபோறதுக்குப் பேரு கார்டியாக் அரெஸ்ட், அது வேற. ஃபெயிலியர்னா உடம்புக்கு வேணுங்கற அளவு ரத்தத்தைத் தள்ள முடியாம இதயம் திணறுதுன்னு அர்த்தம். லேசா எடுத்துக்கற விஷயம் இல்லதான், ஆனா மாத்திரை சாப்பிட்டுக்கிட்டு வருஷக்கணக்கா கோயில் குளம்னு போயிட்டு வர்றவுக இருக்காக.

ஆபரேஷனுக்கு முன்னாடி எடுக்கற ரத்தப் பரிசோதனையில 'நான்-ரியாக்டிவ்'னு வரும். எச்ஐவிக்கு, மஞ்சக்காமாலை பி-க்கு எல்லாம் போடறது. "உடம்பு ரியாக்‌ஷனே காட்டலையா?"ன்னு ஒருத்தர் கேட்டாரு. தேடுனது ரத்தத்துல கிடைக்கலைன்னுதான் அர்த்தம், சந்தோஷமா வீட்டுக்குப் போகலாம். ஸ்கேன்ல 'அன்ரிமார்க்கபிள்'னு வந்தாலும் அப்படித்தான், குறிப்பிட்டுச் சொல்ற மாதிரி கோளாறு எதுவும் இல்ல. டிஸ்சார்ஜ் சம்மரியில 'கம்ப்ளைன்ட்ஸ் ஆஃப்'னு போட்டு நெஞ்சு வலி, இருமல்னு எழுதுவாக, நாம சொன்ன தொந்தரவுதான் அது. அதைப் படிச்சுட்டு ஒரு பெரியவர், "நான் யாரு மேலயும் கம்ப்ளைன்ட் பண்ணலையே"ன்னு சண்டைக்கே வந்துட்டாரு. சிரிக்காதீங்க, அவருக்கு அது மானப் பிரச்சினை.

டிப்ரஷன்னு ஒரு வார்த்தை இருக்கு பாருங்க, அதுகிட்ட கொஞ்சம் நின்னு போகணும். ஒரு அம்மாவோட ஈசிஜியில 'எஸ்டி டிப்ரஷன்'னு வந்திருக்கு. கூட வந்த மருமக நல்லாப் படிச்ச பிள்ளை. "எங்க அத்தைக்கு டிப்ரஷனா? ஈசிஜியில மனசுகூடவா தெரியும்?"ன்னு கேக்குது. அந்த அம்மா குறுக்க வந்து, "எனக்கென்னடி கவலை, பேரன் கல்யாணம் வருது"ங்கறாக. ஈசிஜி பேப்பர்ல ஏறி இறங்குற கோட்டுக்குப் பகுதி பகுதியா எழுத்து வச்சிருக்காக. எஸ்ஸுக்கும் டீக்கும் நடுவுல இருக்கற துண்டு, இருக்க வேண்டிய மட்டத்துக்குக் கீழ இறங்கியிருந்தா அது எஸ்டி டிப்ரஷன். இதயத் தசைக்கு ரத்தம் பத்தாம இருக்கும்போது அப்படி இறங்கும், வேற சில காரணத்தாலயும் இறங்கும். 'மனசு சம்பந்தப்பட்டது, மெதுவாப் பாத்துக்கலாம்'னு விடற விஷயம் இல்ல. அன்னைக்கே டாக்டர் பாத்தாகணும்.

இதுக்கு நேர் எதிரா எங்க தெருவுலயே ஒண்ணு நடந்துச்சு. ஒரு ஆச்சிக்கு ரொம்ப நாளா சுகர். ராத்திரி ஆனா பாதம் ரெண்டும் திகுதிகுன்னு எரியும். ஆத்தங்குடிக் கல்லுத் தரை குளுகுளுன்னு இருக்கும்ல, அதுல காலை வச்சுக்கிட்டே தூங்குவாக. டாக்டர் அமிட்ரிப்டிலின் சின்ன அளவுல எழுதிக் கொடுத்திருக்காரு. ஆச்சி மகன் சிங்கப்பூர்ல இருந்து மாத்திரைப் பேரைத் தேடிப் பாத்துட்டு, "இது டிப்ரஷன் மாத்திரை, எங்க ஆத்தாவைப் பைத்தியம்னு நெனச்சுட்டாரா அந்த டாக்டரு"ன்னு போன்ல ஒரே சத்தம். மாத்திரைய நிப்பாட்டியாச்சு. எரிச்சல் திரும்ப வந்துருச்சு. அப்புறம் டாக்டரே கூப்பிட்டு விளக்குனாரு. அந்த மருந்து மனச்சோர்வுக்குன்னு வந்ததுதான், ஆனா குறைஞ்ச அளவுல நரம்பு வலிக்கும் கொடுப்பாக, ஒற்றைத் தலைவலி திரும்பத் திரும்ப வராம இருக்கவும் கொடுப்பாக. மாத்திரை அட்டையில இருக்கற பேரை மட்டும் பாத்தா இது தெரியாது. எத்தனை மில்லிகிராம், என்ன தொந்தரவுக்குப் போட்டதுன்னு சீட்டையும் சேத்துப் பாத்தாத்தான் தெரியும்.

நம்ம பக்கத்துப் பெரியவுக கணக்குல புலி. பர்மாவுலயும் மலேயாவுலயும் கடை வச்ச காலத்து ஐந்தொகையைக் கொடுத்தா, ஒத்த வரியைப் பாத்துட்டு 'கடை முழுகிப் போச்சு'ன்னு யாராவது சொல்லியிருப்பாகளா? வரவு, பற்று, இருப்பு எல்லாத்தையும் சேத்து, போன வருஷத்தோடயும் ஒப்பிட்டுத்தான் பேசுவாக. அதே ஆளுக ரத்த ரிப்போர்ட்டுல ஒரு எண்ணு தடிச்சு இருந்தா அதோட நின்னுறாக. அந்தத் தடிச்ச எழுத்துக்கு ஒரு கதை இருக்கு. நார்மல்னு ஒரு ஓரத்துல ரெண்டு எண்ணு போட்டிருக்குல்ல, பொதுவா அது ஆரோக்கியமா இருக்கறவுகள்ல 100க்கு 95 பேரு அடங்கற மாதிரி வச்ச எல்லை. மிச்சம் 5 பேருக்கும் நோய் எதுவும் கிடையாது, ஆனா எண்ணு எல்லைக்கு வெளிய நிக்கும், அதனால தடிச்சு அச்சாகும். அப்ப மாஸ்டர் செக்கப்னு இருபது, முப்பது டெஸ்ட் சேத்து எடுத்தா, நல்லா இருக்கற ஆளுக்கே ஒண்ணு ரெண்டு தடிச்சு வர்றது சகஜம். அதுக்காக தடிச்சதெல்லாம் சும்மான்னு சொல்ல வரல. மூணு மாச சர்க்கரைன்னு சொல்றோமே எச்பிஏ1சி, அது 6.5ஐத் தாண்டியிருந்தா சும்மா விட முடியாது. எவ்வளவு தள்ளி நிக்குது, போன தடவை என்ன இருந்துச்சு, உடம்புல தொந்தரவு இருக்கான்னு மூணையும் வச்சுத்தான் டாக்டர் முடிவுக்கு வருவாரு.

இந்தச் சீட்டைக் கொஞ்சம் கிட்ட காட்டறேன், பேரை மறைச்சுட்டேன். இங்க பாருங்க, ஆர் போட்டு, சாய்வா ஒரு கோடு, அப்புறம் ஓ, பக்கத்துல டிபி. 'ரூல் அவுட் டிபி'. இதைப் பாத்துட்டு டிபி வந்துருச்சுன்னு முடிவு பண்ணி, தட்டு டம்ளரைத் தனியா எடுத்து வச்ச வீடு இருக்கு. டெஸ்ட்டுக்கு அனுப்புற சீட்டுல இப்படி இருந்தா 'டிபி இல்லைங்கறதை உறுதி பண்ணிக்கணும், பரிசோதனை பண்ணுங்க'ன்னு அர்த்தம். டெஸ்ட் முடிஞ்சு 'ரூல்டு அவுட்'னு எழுதிட்டா, இல்லன்னு தெரிஞ்சு போச்சு. அதனால எந்தத் தேதியில எழுதுன சீட்டுன்னும் பாத்துக்கங்க.

அப்புறம் மனசு சம்பந்தப்பட்ட வார்த்தைங்க. இது இப்ப இளவட்டம் வாயில ரொம்பப் புழங்குது. வீட்டைத் துடைச்சுக்கிட்டே இருந்தா 'எங்க அம்மாவுக்கு ஓசிடி', காலையில சிரிச்சுட்டு மதியம் கோவிச்சா 'பைபோலார்', பிடிக்காத ஆளுன்னா 'டாக்சிக்'. எனக்கு இதுல எரிச்சல்தான் வருது, மறைக்கல. ஓசிடிங்கறது சுத்தம் பாக்கற குணம் இல்ல. வேண்டாம் வேண்டாம்னாலும் ஒரு நினைப்பு வந்து பிடிச்சுக்கும், அதைத் தணிக்கக் கை கழுவறது, பூட்டை இழுத்துப் பாக்கறதுன்னு செஞ்சதையே திரும்பத் திரும்பச் செய்ய வேண்டியிருக்கும், நாள்ல ஒரு மணி நேரத்துக்கு மேல அதுலயே போகும். அந்த அவஸ்தையில இருக்கற ஆளு முன்னாடி நாம இதைக் கேலியாச் சொன்னா, அவரு வாயைத் திறக்கவே மாட்டாரு.

'மன அழுத்தம்'னு தமிழ்ல போடறோமே, அதுலயும் ஒரு சிக்கல். ஸ்ட்ரெஸ்ஸுக்கும் அதையே போடறாக, டிப்ரஷனுக்கும் அதையே போடறாக. வட்டி கட்டணும், பொண்ணுக்கு வரன் அமையலைங்கறது ஸ்ட்ரெஸ். டிப்ரஷன்னு டாக்டர் எழுதணும்னா அதுக்கு ஒரு அளவு வச்சிருக்காக. ஒன்பது அறிகுறில குறைஞ்சது அஞ்சு இருக்கணும், ரெண்டு வாரம் தொடர்ந்து இருக்கணும், அந்த அஞ்சுல மனசு வாடிக் கிடக்கறதோ, எதுலயும் பிடிப்பு இல்லாமப் போறதோ ஒண்ணு கட்டாயம் இருக்கணும். தூக்கம், பசி, அசதி எல்லாம் அந்த ஒன்பதுக்குள்ள வருது. நம்ம ஊர்ல யாரு மனசு சரியில்லன்னு சொல்றாக? நாலு கட்டு வீட்டுல ஒத்தையில இருக்கற ஆச்சி, "சோறு இறங்கல, நெஞ்சு கனமா இருக்கு, விடியக்காலம் மூணு மணிக்கே முழிப்பு வந்துருது"ம்பாக. ரத்த டெஸ்ட் எல்லாம் சரியா இருக்கும். "ஒண்ணுமில்ல ஆச்சி"ன்னு கையில கவரைக் கொடுத்து அனுப்பிருவோம். அந்த மாதிரி நேரத்துல 14416, டெலி-மானஸ்னு மனநல உதவிக்கு அரசாங்க நம்பர் இருக்கு, காசு கிடையாது, எந்நேரமும் பேசலாம், தமிழ்லயும் பேசலாம்.

இப்ப நம்ம பக்கத்துக் குத்தத்துக்கு வாங்க. நாம டாக்டர்ட்ட சொல்ற வார்த்தையும் அரைகுறைதான். 'மயக்கம்'. தலை சுத்தினாலும் மயக்கம், குமட்டினாலும் மயக்கம், எந்திரிக்கும்போது கண்ணு இருட்டினாலும் மயக்கம், நினைவு தப்பிக் கீழ விழுந்தாலும் மயக்கம். டாக்டருக்கு இது நாலும் நாலு வழி. வீடே சுத்தற மாதிரி இருந்தா காதுக்குள்ள பாப்பாரு. எந்திரிக்கும்போது மட்டும்னா பிரஷரைப் படுக்க வச்சும் நிக்க வச்சும் பாப்பாரு. நினைவு தப்புச்சுன்னா இதயத்தையும் மூளையையும் பாக்கணும். அதனால மயக்கம்னு நிறுத்தாம, என்ன செஞ்சுக்கிட்டு இருக்கும்போது வந்துச்சு, எவ்வளவு நேரம் இருந்துச்சு, பக்கத்துல இருந்தவுக கூப்பிட்டது காதுல விழுந்துச்சான்னு சொல்லுங்க.

இன்னொண்ணு 'வாயு'. நெஞ்சைப் பிடிச்சா உடனே வாயும்பாக, ஓமத் தண்ணி கொடுப்பாக, சோடா வாங்கியாரச் சொல்வாக. சுகர்காரவுகளுக்கும் வயசான பொம்பளைகளுக்கும் மாரடைப்பு சில சமயம் வலியே இல்லாம, மூச்சு வாங்கற மாதிரி, வயித்துக்கு மேல அடைக்கற மாதிரி வரும். வேர்த்து ஊத்துது, தாடை, தோள்பட்டை, கையின்னு இழுக்குதுன்னா வாயுன்னு பேரு வைக்காதீங்க, 108க்குப் போடுங்க. போன்ல பேசும்போதும் 'நெஞ்சு இறுக்குது, வேர்க்குது'ன்னு நடக்கறதைச் சொல்லுங்க, நீங்களே நோய்க்குப் பேரு வைக்க வேணாம்.

வெளிநாட்டுப் பிள்ளைகளுக்கு வாட்ஸாப்ல ரிப்போர்ட் அனுப்பறவுகளுக்கு ஒண்ணே ஒண்ணு. தடிச்ச வரியை மட்டும் பெருசாக்கி அனுப்பாதீங்க. அனுப்பினா முழுப் பக்கமா அனுப்புங்க, தேதி, வயசு, நார்மல் எல்லை, கடைசியில 'இம்ப்ரஷன்'னு முடிவாச் சொல்ற நாலு வரி எல்லாம் தெரியணும். டாக்டர் எழுதுன சீட்டையும் கூடவே வைங்க. எனக்கு மட்டும் அனுப்பாதீங்க, நான் பாத்துச் சொல்ல மாட்டேன். உங்க பேரும் போன் நம்பரும் அதுல இருக்கு, கண்ட எடத்துலயும் போட்டு வைக்காதீங்க. சரி, டூட்டிக்கு நேரமாச்சு, பஸ் வருது, வர்றேன்.