பின்னணி இசை இல்லாத வானம்

நேயர்களுக்கு வணக்கம்.

இரண்டாம் உலகப் போரில் விமானம் ஓட்டிய முதியவர்கள் தொலைக்காட்சி ஆவணப்படங்களில் பேசுவதைப் பார்த்திருப்பீர்கள். நான் முதலில் பார்ப்பது அவர்களுடைய கைகளைத்தான். வலது உள்ளங்கை அவருடைய விமானம், இடது உள்ளங்கை துரத்தி வரும் எதிரி. தேநீர்க் கோப்பையைப் பிடிக்கத் தடுமாறும் கை, அங்கே அழகாகச் சாய்ந்து திரும்பும். சரியாக அந்த நேரம் பார்த்து இயக்குநர் பழைய கறுப்பு வெள்ளைப் படம் ஒன்றைச் செருகிவிடுவார். முதியவர் லங்காஸ்டர் என்ற குண்டுவீச்சு விமானத்தைப் பற்றிச் சொல்வார், திரையில் ஸ்டர்லிங் என்ற வேறொரு குண்டுவீச்சு விமானம் பறக்கும். நான்கு எஞ்சின் இருந்தால் போதும் போல! வீட்டில் நான் மட்டும் கத்துவேன்.

சரி, அது கிடக்கட்டும். படத்தைவிட எனக்குப் பெரிய குறை, சத்தம். போர் விமானத்தில் பொருத்திய சிறு கேமரா, விமானி சுடும் விசையை அழுத்தினால் ஓடும். அது ஊமைப்படம். நாம் கேட்கும் வெடிச்சத்தம், அதற்கு மேல் ஒரு சோக இசை, எல்லாம் பிற்பாடு சேர்த்தது.

அப்படியானால் உண்மையில் எப்படி இருந்தது? 1943 செப்டம்பர் 3 இரவு, பெர்லின் மீது குண்டு போடப் போன ஒரு லங்காஸ்டரில் பிபிசி செய்தியாளர் வின்ஃபோர்ட் வான் தாமஸும் ஒலிப்பதிவாளர் ரெஜினால்ட் பிட்ஸ்லியும் ஏறினார்கள். டேப் ரெக்கார்டர் என்று நினைத்துவிடாதீர்கள். இசைத்தட்டில் ஊசி கீறிப் பதியும் கருவி! அதைத் தூக்கிக்கொண்டு, ஆடுகிற விமானத்தில், இருட்டில். எத்தனை முறை சொன்னாலும் எனக்கு அலுக்காத கதை இது.

அந்தப் பதிவில் குழுவினர் பேசிக்கொள்வது கேட்கிறது. வழி கேட்டவருக்கு வழி சொல்வது போன்ற குரல். ஒரு எதிரி விமானம் விழும்போது மட்டும் கொஞ்சம் ஆரவாரம், உடனே மறுபடி வேலை. முதியவர்கள் கேமரா முன்னால் அப்படி நிதானமாகப் பேசுவது வயதால் வந்தது என்று நான் வெகுநாள் நினைத்திருந்தேன். இல்லை, இருபது வயதிலேயே அப்படித்தான் பேசியிருக்கிறார்கள். விமானக் குழுவினர் ஏழு பேருக்கும் பொதுவாக ஒரே பேச்சு இணைப்பு. ஒருவர் கத்தினால் இன்னொருவரின் எச்சரிக்கை காதில் விழாது. அந்த நிதானத்தின் மேல் வயலினைப் பூசுகிறார்களே, அதுதான் எனக்கு ஆறவில்லை.

இன்னொன்று. பிரிட்டிஷ் குண்டுவீச்சுப் படையில் பறந்த சுமார் 1,25,000 பேரில் 55,573 பேர் இறந்தார்கள். அவர்களை யாரும் பேட்டி எடுக்கவில்லை. நமக்குக் கிடைப்பது தப்பியவர் சொல்லும் கதை மட்டும்.

அடடா, நேரமாகிவிட்டதாகக் கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து கை காட்டுகிறார்கள். பிரிட்டிஷ் விமானி எரிக் பிரவுனைப் பற்றித்தான் விரிவாகச் சொல்ல வந்தேன். 487 வகை விமானங்களை ஓட்டியவர். 1945 டிசம்பரில், ஒரு ஜெட்டை முதன்முதலாக விமானந்தாங்கிக் கப்பலில் இறக்கியவர். ஜெர்மன் தெரிந்ததால், பெர்கன்-பெல்சன் என்ற நாஜி வதைமுகாமின் தளபதியை விசாரிக்கவும் அவரையே அழைத்தார்கள். 95 வயதில் தொலைக்காட்சியில் பேசினார். அவர் அந்த முகாமைப் பற்றிச் சொல்லும் இடம் வந்தால், தயவுசெய்து எழுந்து போகாமல் கேளுங்கள். வணக்கம்.