லாச்சிக்குள் இருந்த உறுதி

நேயர்களுக்கு வணக்கம். இதைக் கேட்கிற நேரம் நீங்கள் கதிரையில் சாய்ந்திருப்பீர்கள், இல்லையென்றால் குசினியில் பாணுக்குச் சம்பல் இடித்துக்கொண்டு நிற்பீர்கள். பக்கத்தில் யன்னல், மூலையில் அலுமாரி. கதிரை, குசினி, பாண், யன்னல், அலுமாரி எல்லாம் போர்த்துக்கேயர் விட்டுப்போன சொற்கள். 1619இல் சங்கிலி அரசனைத் தோற்கடித்து எங்கள் யாழ்ப்பாணத்தைப் பிடித்தவர்கள் அவர்கள். நல்லூர்க் கோயிலை இடித்தவர்களும் அவர்கள்தான். 1658இல் போய்விட்டார்கள். நாற்பது வருசம்கூட இல்லை, பாருங்கோ. சொல்லு மட்டும் எங்கள் வாயில் நின்றுவிட்டது.

பிறகு ஒல்லாந்தர். அலுவலகத்தைக் கந்தோர் என்கிறோமே, அது அவர்களுடைய சொல். எங்கள் ஊர் வழக்கங்களைக் கேட்டுத் தேசவழமை என்று 1707இல் எழுதிவைத்ததும் அவர்களுடைய ஆட்சிதான். முதுசம், சீதனம், தேடியதேட்டம் என்று காணி வழக்குகளில் இன்றைக்கும் பேசுகிறோமே, அதுதான்.

மேசை இழுப்பறையை லாச்சி என்கிறோமே, அதுவும் ஒல்லாந்தச் சொல்தான். லாச்சி என்றால் எனக்கு அம்மம்மாவின் மேசைதான் நினைவு வரும். 1995 ஒக்ரோபர் 30, பின்னேரம். ஆமி ஊரை நெருங்குகிறது, எல்லாரும் உடனே வெளிக்கிடச் சொல்லி ஒலிபெருக்கியில் அறிவிக்கிறார்கள். நாங்கள் அரிசியைக் கட்டுவதா, உடுப்பைக் கட்டுவதா என்று ஓடித்திரிகிறோம். அம்மம்மா ஆறுதலாக லாச்சியை இழுத்தா. காணி உறுதியை, அதுதான் காணிப் பத்திரத்தை எடுத்து, சொப்பிங் பையில் சுற்றி, இடுப்பில் செருகினா. அவ்வளவுதான் அவ எடுத்தது. மழைக்குள்ளே, சனத்துக்குள்ளே, அடிக்கு அடி நின்று நின்று நடந்தோம். நாவற்குழிப் பாலத்தில் வைத்துச் சொன்னா: "வீடு கிடக்குமோ தெரியாது மோனை. வளவு கிடக்கும்."

அடுத்த வருசம் திரும்பி வந்தபோது கூரையும் இல்லை, மேசையும் இல்லை. கிணற்றடியில் அந்த லாச்சி மட்டும் கவிழ்ந்து கிடந்தது. அம்மம்மா அதைக் கழுவிக் காயவைத்து, உறுதியைத் திரும்ப அதுக்குள்ளே வைத்தா. அவ செத்த பிறகும் உறுதி அதுக்குள்ளேதான்.

நேரம் முடியப்போகிறது என்று கை காட்டுகிறார்கள். நூலகம் எரிந்த 1981ஐப் பற்றியும் சொல்ல இருந்தேன், அதை விடுகிறேன். இதை மட்டும் விடமாட்டேன். அதே ஒக்ரோபர் 30, ஐந்து வருசம் முந்தி, 1990இல், யாழ்ப்பாண முஸ்லிம் மக்களை விடுதலைப் புலிகள் வெளியேற்றினார்கள். கொடுத்த அவகாசம் இரண்டு மணித்தியாலம். எங்களுடைய அதே தமிழ், அதே கதிரை, அதே லாச்சி. நாங்கள் அடுத்த வருசமே வந்துவிட்டோம். அவர்களில் கனபேர் இன்னும் புத்தளத்தில் இருக்கிறார்கள்.

அந்த மக்கள் இருந்த சோனகத்தெருவில் வளர்ந்தவர்கள் யாராவது கேட்டுக்கொண்டிருந்தால், உங்கள் வீட்டில் புழங்கிய சொற்களை எழுதி நிலையத்துக்கு அனுப்புங்கோ. அடுத்தமுறை வரும்போது அதை வாசித்துவிட்டுத்தான் மற்றதைப் பேசுவேன். வணக்கம்.