போருக்குப் போய் வந்தவரிடம் எதைக் கேட்பது?

[திரை: பழைய கறுப்பு வெள்ளைப் படம், சீருடையில் இளைஞர்கள்]

முதல் உலகப் போரில் சண்டை போட்டவர்களில், நமக்குத் தெரிந்து கடைசியாக உயிரோடு இருந்தவர் கிளாட் சூல்ஸ். 2011 மே மாதம், 110 வயதில் ஆஸ்திரேலியாவில் இறந்தார். அதற்கு அப்புறம் அந்தப் போர்க்களத்தைப் பற்றி நேரில் போய்க் கேட்க ஆள் இல்லை. இரண்டாம் உலகப் போர் முடிந்தபோது 18 வயதாக இருந்தவர்களும் இப்போது நூறை ஒட்டி நிற்கிறார்கள்.

ஆவணங்கள் இருக்கின்றனவே என்று கேட்கலாம். எந்தப் படை எந்தத் தேதியில் எங்கே நகர்ந்தது என்பதை ஆவணம் சொல்லும். அன்று ராத்திரி ஈரக் காலணியோடு எப்படித் தூங்கினார்கள் என்பதை, தூங்கியவர்தான் சொல்ல வேண்டும்.

[திரை: ஒலிப்பதிவுக் கருவி]

இப்படி, அனுபவித்தவரையே பேசவைத்துப் பதிவு செய்வதற்குப் பெயர் வாய்மொழி வரலாறு. லண்டனில் உள்ள இம்பீரியல் போர் அருங்காட்சியகம் 1972இலேயே இதற்கென ஒலிக் காப்பகம் தொடங்கியது. அமெரிக்க நாடாளுமன்றம் 2000இல் சட்டமே போட்டு, அந்த நாட்டின் தேசிய நூலகம் போன்ற காங்கிரஸ் நூலகத்தில் முன்னாள் படைவீரர்களின் நினைவுகளைச் சேர்க்கத் தொடங்கியது. பேட்டி 30 நிமிஷமாவது இருக்க வேண்டும் என்பது அங்கே விதி. பேட்டி எடுப்பவர் பேராசிரியராக இருக்க வேண்டியதில்லை, பேரப்பிள்ளையே எடுக்கலாம்.

சரி, எப்படி எடுப்பது?

எடுத்த எடுப்பில் போருக்குள் போகாதீர்கள். பிறந்த ஊர், வீட்டில் எத்தனை பேர், படையில் சேர்ந்த அன்று அம்மா என்ன சொன்னார், அங்கிருந்து வாருங்கள். "பயமாக இருந்ததா?" என்றால் "ஆமாம்" என்பதோடு பேச்சு நின்றுவிடும். "அன்று காலையில் என்ன சாப்பிட்டீர்கள்?" என்று கேட்டுப் பாருங்கள், அந்த நாள் முழுவதும் வெளியே வரும். "எத்தனை பேரைச் சுட்டீர்கள்?" என்ற கேள்வி மட்டும் வேண்டவே வேண்டாம். அவராகச் சொன்னால் கேட்டுக்கொள்ளுங்கள்.

அவர் பேச்சை நிறுத்தினால் உடனே அடுத்த கேள்விக்குத் தாவாதீர்கள். இந்த வேலையில் கஷ்டமானதே அதுதான். வாயை மூடிக்கொண்டு காத்திருந்தால், நீங்கள் கேட்கவே தெரியாத ஒன்றைச் சொல்லத் தொடங்குவார்.

ஒலிப்பதிவுக்குக் கண் கிடையாது. அவர் புகைப்படத்தை எடுத்து, "இவன்தான், இவன்" என்று விரலால் காட்டினால், "இடது ஓரத்தில், தொப்பி இல்லாமல் நிற்பவரா?" என்று நீங்கள் வாய்விட்டுச் சொல்ல வேண்டும்.

தேதியைத் தப்பாகச் சொன்னால்? 1949இல் இத்தாலியின் டெர்னி நகரில், போராட்டத்தின்போது போலீஸ் நடவடிக்கையில் ஒரு தொழிலாளி இறந்தார். பின்னாளில் ஆய்வாளர் அலெஸாந்த்ரோ போர்த்தெல்லி கேட்டபோது, பலர் அதை 1953 ஆட்குறைப்புப் போராட்டத்தில் நடந்ததாகச் சொன்னார்கள். ஞாபகப் பிசகுதான். ஆனால் அந்தச் சாவும் வேலை பறிபோன வேதனையும் அவர்கள் மனதில் எப்படி ஒன்றாகிவிட்டன என்பது அந்தப் பிசகு இல்லாமல் தெரிந்திருக்காது. அதனால் குறுக்கிட்டுத் திருத்தாதீர்கள். சரியான தேதியைத் தனியே குறித்து வைத்தால் போதும்.

[திரை: கையெழுத்திட்ட தாள்]

பதிவை யார் கேட்கலாம், எப்போது வெளியிடலாம் என்பதை அவரிடமே எழுதி வாங்குங்கள். "நான் போன பிறகு போடு" என்றால் அப்படியே. ஒலிக் கோப்பைச் சுருக்காமல் வேவ் (WAV) வடிவில் மூன்று பிரதி எடுத்து, ஒன்றை வேறு வீட்டில் வையுங்கள்.

அப்புறம், கிளம்புவதற்கு முன் ஒரு தாளை நீட்டி, அவர் சொன்ன ஊர்ப் பெயர்களையும் கூட இருந்தவர்களின் பெயர்களையும் அவரையே எழுதித் தரச் சொல்லுங்கள். காதில் விழுந்ததை வைத்து எழுதினால் பாதிப் பெயர் தப்பாகிவிடும்.